நீக்கிய சத்தம்

மூன்றாம் பாட்டுக்கும் நான்காம் பாட்டுக்கும் இடையிலிருந்த மௌனத்தில் யாரோ எச்சில் விழுங்கினார்கள்.

ஒலிச் சீரமைப்பாளர் முகம் சுளித்தார். ஒரு காலத்தில் இளைஞர்களை ஆட்டிப்படைத்த போஸ்ட்-பங்க் ராக் இசைத் தொகுப்பு அது. அதன் மூல நாடாவை, ஓர் ஒலியும் உதிராத லாஸ்லெஸ் கோப்பாக மாற்றித் தரவேண்டும். காதுதான் அவருக்குச் சோறு போட்டது. சற்றே கர்வம் பிடித்த அந்தக் காதுக்கு ஒன்று மட்டும் ஆகாது: பிறர் மெல்லும் சத்தம். மனைவியோடுகூட ஒரே மேசையில் உண்ணமாட்டார்.

நாடாவைக் கொண்டுவந்த பேஸ் கிதார்க்காரரிடம் முறையிட்டதற்கு, அவர் சிரித்தார்.

"எங்க பாடகர் மைக்கைத் தின்னுகிட்டேதான் பாடுவாரு சார். கேசட்ல இதெல்லாம் கேட்டதே இல்ல. நீங்கதான் தோண்டி எடுத்துட்டீங்க."

தகரத்தை அறுப்பது போன்ற கிதாருக்கும் குகைக்குள்ளிருந்து வரும் முரசுக்கும் அடியில், நாக்கு பல்லைவிட்டுப் பிரியும் பிசுபிசுப்பையும், ஈறில் சிக்கியதை உறிஞ்சும் ஓசையையும், கொழகொழவென்று தொண்டைக்குள் ஏதோ இறங்குவதையும் ஒவ்வொன்றாகக் கத்தரித்து, தனித் தடத்தில் ஒதுக்கினார்.

நீக்கியதைத் தனியே ஓடவிட்டு, அதனுடன் இசையும் போய்விடவில்லையே என்று சரிபார்ப்பது அவர் தொழிலின் வழக்கம். ஹெட்போனை இறுக்கிக்கொண்டு கேட்டார். துண்டு துண்டாகத்தான் ஒலித்திருக்க வேண்டும். ஒலித்ததோ இடைவெளியே இல்லாத மெல்லல். நிதானமானது. பசி தீராதது. இடப்பக்கத்தில் வெதுவெதுப்பாக ஒரு மூச்சு. அதில் அழுகிய இறைச்சியின் வாடை.

கைப்பேசி அழைத்தது. மனைவி. ஹெட்போனின் வலப்பக்கத்தை மட்டும் நகர்த்திப் பேசினார்.

"சாப்பிட்டுகிட்டா பேசறீங்க?"

"இல்லையே. ஏன்?"

"மெல்லற சத்தம் நல்லா கேட்குது. எனக்கே குமட்டுது. அதுவும் நீங்களா இப்படி!"

அவர் ஒலி ஓட்டத்தை நிறுத்தினார். திரையில் அலைகள் படுத்து, நேர்கோடாயின.

மெல்லல் நிற்கவில்லை.

இடப்பக்கம் மட்டும். ஈரம். வலி இல்லை. அதுதான் விபரீதமாக இருந்தது.

ஹெட்போனைக் கழற்றி மேசையில் வைத்தார். அதன் பஞ்சிலிருந்து அவர் தோள்வரை ஓர் எச்சில் நூல் நீண்டு, அறுந்தது. இடக்காதைத் தேடிப்போன விரல், அது இருந்த இடத்தில் ஒரு வழவழப்பான குழிக்குள் இறங்கியது.

மேசைமேல், இடப்பக்கப் பஞ்சு மெதுவாக விழுங்கியது.

பிறகு, வலப்பக்கம் வாய் திறந்தது.