வட்ட ஜன்னலின் அளவு

திரைக்கு அச்சு எடுத்த தாளைத் தூக்கி ஜன்னலில் வைத்துப் பார்த்த நாகஜோதிக்கு முதலில் சிரிப்புத்தான் வந்தது. நேற்றுச் சாயங்காலம் இதே ஜன்னலுக்குச் சரியாக வெட்டிய தாள், இன்று சுற்றிலும் ஒரு விரல்கடை கூடுதலாக நின்றது. ஒரே ராத்திரியில் தாள் வளருமா என்ன?

காமயகவுண்டன்பட்டியில் அவள் வீட்டு மாடிப்படித் திருப்பத்தில், முகத்துக்கு நேராக இருந்தது அந்த ஜன்னல். கம்பி இல்லை, கண்ணாடி இல்லை. காற்றுக்கென்று கொத்தனார் விட்ட வட்ட ஓட்டை, அவ்வளவுதான். எதிரே அவள் தங்கச்சி பேச்சியின் புது வீடு.

பேச்சியின் புருஷன் தவசியை முதலில் பேசியது நாகஜோதிக்குத்தான். பெண் பார்க்க வந்தவன், காபித் தட்டோடு வந்த தங்கச்சியைக் கேட்டுவிட்டான். பன்னிரண்டு வருஷமாகியும் பாழாய்ப்போன மனசு ஆறவில்லை. அவர்கள் திராட்சைத் தோட்டம் வாங்கினார்கள், மாடி வைத்துக் கட்டினார்கள், போன வாரம் வாசலுக்கு மேலே ஒரு திருஷ்டி பொம்மையையும் மாட்டினார்கள். பிதுங்கிய கண், தொங்கும் நாக்கு. அது நாகஜோதியின் ஜன்னலையே பார்த்தது.

"என் கண்ணுக்குப் பயந்துதான மாட்டிருக்கா?" என்று புருஷன் சுருளிராஜனிடம் வெடித்தாள்.

"ஊரே மாட்டுது. பிடிக்கலைன்னா ஒரு திரையைப் போடு," என்று சொல்லிவிட்டு அவன் ஏலக்காய்த் தோட்டத்து ஜீப்பில் ஏறிப் போனான்.

திரை வேண்டும்தான். ஆனால் பார்க்கவும் வேண்டுமே! அவள் பார்ப்பது மட்டும் யாருக்கும் தெரியக் கூடாது. கம்பம் டவுனில் திரைக்கடை உமர் பாருக்கிடம் அதைத்தான் சுற்றி வளைத்துக் கேட்டாள்.

"வட்டத்துக்கு ரெடிமேட் வராதுக்கா. தாளை வச்சு அச்சு எடுத்துட்டு வாங்க, மூங்கில் தட்டி பண்ணித் தாரேன். உள்ளருந்து வெளிய தெரியும், வெளியருந்து உள்ள தெரியாது."

மறுபடி அளந்து தாள் வெட்டிக் கொடுத்தாள். தட்டி வந்தது. நான்கு விரல் பெரிசு.

"நீங்க குடுத்த அளவுதான்க்கா," என்றார் உமர் பாருக், பாவம்.

அதற்குப் பிறகுதான் அவளுக்குப் பிடிபட்டது. அவள் நின்று எதிர்வீட்டைப் பார்த்த நாளெல்லாம் ஜன்னல் ஒடுங்கியது. புது டைல்ஸ் இறங்கியபோது ஒரு விரல். பேச்சியின் தோளில் தவசி கைபோட்டு நின்றபோது இரண்டு விரல். பார்க்காத நாளில் அசையவே இல்லை. ஒடுங்கும்போது பொடிமணல் சரசரவென்று உதிர்ந்தது. பழைய சுவரிலிருந்து ஈரச் சிமெண்ட் வாடை வந்தது. விளிம்பைத் தொட்டாள். வெதுவெதுப்பாக இருந்தது. இனி அந்தப் படியில் நிற்பதில்லை என்று தன் தலையில் அடித்துச் சத்தியம் செய்தாள்.

பால் காய்ச்சும் நாள் காலையில் பேச்சியே கூப்பிட வந்தாள். "அக்கா, நீ வராம நான் அடுப்பே பத்த வைக்க மாட்டேன்."

"தலைவலி ஆத்தா. நீ போ, வாரேன்."

போகவில்லை. எதிரே ஸ்பீக்கரில் நாதஸ்வரம் முழங்கியது, நெய் மணம் படியேறி வந்தது. என்னதான் செய்கிறார்கள்? சத்தியமாவது, ஒன்றாவது! கால் தானாகப் படியேறியது.

ஜன்னல் இப்போது சாப்பாட்டுத் தட்டு அளவுதான். தூர நின்றால் வானம் மட்டும் தெரிந்தது. முகத்தை உள்ளே கொடுத்தாள். எதிர்வாசலில் தவசி பேச்சியின் கழுத்தில் ஒரு புதுச் சங்கிலியைப் போட்டான்.

எத்தனை பவுன்? இன்னும் கொஞ்சம் எட்டினால் தெரியும்.

மணல் உதிர்ந்தது. ஈரச் சிமெண்ட் வாடை. காது உரசியது. பின்னால் இழுத்தாள். வரவில்லை. தாடை நெரிந்தது. கத்தினாள். சத்தம் இல்லை. நாக்குத்தான் வெளியே வந்தது. கண் பிதுங்கியது. விளிம்பில் ஒரு நூல் இடைவெளிகூட இல்லை. அளவு சரியாக இருந்தது.

தெருவில் விளையாடிய பேச்சியின் மகள் அண்ணாந்து பார்த்தாள். "அம்மா, பெரியம்மா வீட்லயும் பொம்மை மாட்டிருக்காக!"

பேச்சி வெளியே வந்து, நெற்றியில் கைவைத்துப் பார்த்துச் சிரித்தாள். "அடியாத்தீ! நம்மளுதவிடப் பெருசால்ல வாங்கிருக்கா. அக்காவுக்கு எதுலயும் போட்டிதான்."

மேலே சிமெண்ட் இறுகிக்கொண்டிருந்தது. இமைக்க முடியாத அந்தக் கண்கள் அப்போதும் பேச்சியின் சங்கிலியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தன.