வெள்ளிக்கு ஏறும் முனகல்

அடுப்படியில் மட்டும் முனகல் ஏறியது.

கர்ணன் வளையத்தைத் தூக்கினான். முனகல் பழையபடி தணிந்தது. இறக்கினான், ஏறியது. வால்வு சூடேறியதால் இருக்கலாமென்று பத்து நிமிடம் காத்திருந்து மறுபடியும் சோதித்தான். தேனியில் மாலை வகுப்புக்குப் போய் ரேடியோ கற்றவன். தன் கைவேலையைத் தானே நம்பாதவன்.

மண்ணுக்குள் உலோகம் தேட அவன் கட்டிய பெட்டியில் இரண்டு ரேடியோ வால்வுகள். ஒன்று எப்போதும் ஒரே கதியில் துடிக்கும். மற்றது தரையை மேயும் செம்புக்கம்பி வளையத்தோடு சேர்ந்தது. உலோகம் நெருங்கினால் அதன் கதி மாறும். இரண்டுக்கும் உள்ள வித்தியாசம்தான், யுத்தம் முடிந்ததும் மதுரையில் மலிவாக வாங்கிய ஹெட்போனில் முனகலாகக் கேட்டது. இரும்புக்குத் தணியும், வெள்ளிக்கு ஏறும். ஒரு முழத்துக்குக் கீழே இருப்பது அதற்கு எட்டாது.

அண்ணன் சின்னச்சாமியைக் காணாமல் நான்கு மாதம். தோட்டத்தை விற்கக் கூடாதென்று அப்பாவோடு சண்டையிட்ட மறுநாள், ஏலமலைக்கு ஓடிவிட்டான் என்றார் அப்பா கருத்தக்கண்ணன். அண்ணி பவுனு நம்பவில்லை. நாளைக் காலை அவளைப் பிறந்த வீட்டுக்குத் துரத்தப்போகிறார்கள். அதற்குள் அண்ணனுக்கு என்ன ஆனதென்று கர்ணனுக்குத் தெரிந்தாக வேண்டும். தொழுவம், கிணற்றடி, வைக்கோல் படப்பு எல்லாம் தேடிவிட்டான். பாத்திரங்களை வெளியே வைத்துவிட்டு, கடைசியாக இங்கே. மலையிலிருந்து இறங்கிய சாரல் கூரையில் சலசலத்தது. அடுப்புக்குப் பக்கத்தில் நான்கு மாதமாகக் காயாத தரையிலிருந்து ஈரச்சாணமும் வேறேதோ இனிப்பும் கலந்த வாடை மூக்கில் ஏறியது.

"என்ன கொழுந்தனாரே, அடுப்பு பாடுதாக்கும்?" பவுனு எட்டிப் பார்த்தாள்.

"மதினி, இங்கன வெள்ளி எதுவும் புதைச்சிருக்கா?"

"வெள்ளியா! என் மெட்டியும் உங்க அண்ணன் இடுப்புல கிடந்த அரைஞாணும்தான் மிச்சம். மத்ததெல்லாம் மாமா வித்துத் தின்னுட்டாக."

சிரித்தவள் பாதியில் நின்றாள். அந்த இடத்துக்குப் பக்கத்தில் உட்கார்ந்துதான் தினமும் சோறு பொங்கினாள்.

வாசலில் நனைந்தபடி அப்பா.

"ஏலே, தோண்டாத. செத்தவனுக்குச் செய்ய வேண்டியதச் செஞ்சுதான் வச்சேன்."

பவுனுவின் குரல் மிக மெதுவாக வந்தது. "செத்தவுக இடுப்புக் கொடிய அறுத்துட்டுத்தான மாமா புதைப்பாக?"

சாரல். அப்பா தன் மணிக்கட்டைத் தடவினார்.

"அறுக்கத்தான் போனேன். கையப் புடிச்சுக்கிட்டான்."

கர்ணனின் கையிலிருந்து நழுவிய வளையம் தரையில் கிடந்தது. யாரும் தொடவில்லை. ஹெட்போன் காதிலேயே இருந்தது.

முனகல் ஏறியது.

தணிந்தது.

ஏறியது.

தூங்குகிறவன் வயிறு மூச்சுக்கு எழும்பித் தாழும் கதியில்.