மழைக்குள் ஓர் உச்சி மாநாடு

"ஐயோ... என்ரை ஐஸ்கிறீம்!"

தாரிகா திடுக்கிட்டுத் திரும்பினாள். அவள் உதறிய குடையிலிருந்து தெறித்த தண்ணீர் அத்தனையும் பக்கத்து மேசைக்காரனின் கிண்ணத்துக்குள் போய் விழுந்திருந்தது.

"குறை நினைக்காதேங்கோ... நான் கவனிக்கேல்லை."

"பரவாயில்லை. நான் நனைஞ்சாலும் ஐஸ்கிறீம் தப்பீட்டுது எண்டு சந்தோசப்பட்டுக்கொண்டிருந்தனான். இப்ப அதுக்கும் குளிக்க வாத்துப்போட்டியள்."

சிரிக்கக் கூடாது என்று நினைத்தாள். சிரித்துவிட்டாள்.

நல்லூர்க் கோவிலுக்குக் கிட்ட இருந்த அந்தக் கடைக்குள் வேறு ஆட்களே இல்லை. கார்த்திகை மழை வெளியே கொட்டு கொட்டென்று கொட்டியது... இந்த மழைக்குள் ஐஸ்கிறீம் குடிக்க யார் வருவார்கள், இப்படி ஒரு விசரனைத் தவிர? ஆனால் அந்த விசரனுக்கு நல்ல கண்கள். ஈரக் கண்ணாடியைக் கழற்றி அவன் துடைத்தபோதுதான் அவள் அதைப் பார்த்தாள். சிரிப்பு முதலில் அந்தக் கண்களுக்கு வந்து, பிறகுதான் ஆறுதலாக உதட்டுக்கு இறங்கியது.

'எனக்கேன் இந்த ஆராய்ச்சி' என்று தன்னையே அதட்டிக்கொண்டு பையைத் திறந்தாள். உள்ளே தாள்களெல்லாம் நனைந்திருந்தன. புதன்கிழமை, அவள் கற்பிக்கும் பல்கலைக்கழகத்தில் ஆற்ற வேண்டிய உரை அது. ஒவ்வொரு தாளாக மேசையில் காயப் போட்டாள். மேசை போதவில்லை. அவன் தன் கிண்ணத்தை ஒதுக்கி இடம் விட்டான்; விட்டவன் சும்மா இருக்காமல் வாசிக்கவும் தொடங்கினான்.

"'நடைபாதைச் சந்திப்புகள்: கிழக்காசிய இராஜதந்திரத்தில் தற்செயல் என்று ஒன்று உண்டா?' நல்ல தலைப்பு. விடை என்ன?"

"இல்லை எண்டதுதான் விடை," என்றாள் தாரிகா. "சீனத் தலைவர் ஒருவரும் இன்னொரு நாட்டுத் தலைவரும் உச்சி மாநாட்டு நடைபாதையிலை 'தற்செயலா' சந்திச்சினம் எண்டு பேப்பரிலை வரும். அதெல்லாம் சும்மா. ஆர் எந்தக் கதவாலை வாறது, ஆர் முதல் கை நீட்டுறது, பின்னாலை எந்தக் கொடி தெரியிறது... எல்லாம் அதிகாரியள் முன்னமே கதைச்சு முடிச்சிருப்பினம்."

"பிழை."

"என்ன?"

"விடை பிழை எண்டு சொன்னனான்." அவன் மிக மரியாதையாகத்தான் சொன்னான். அதுதான் அவளுக்கு இன்னும் கோபத்தைக் கிளப்பியது. "நான் யப்பானிலை படிப்பிக்கிறன், லீவிலை உடுப்பிட்டிக்கு வந்து நிக்கிறன். சீன - யப்பான் உறவுதான் என்ரை ஆராய்ச்சி. இளைப்பாறின மொழிபெயர்ப்பாளர் ஒருத்தர் எனக்குச் சொன்னவர்... ஒருக்கா ஒரு மாநாட்டிலை தங்கடை தலைவர் போக லிஃப்ட் கதவு திறந்ததாம், உள்ளுக்கு மற்ற நாட்டுக்காரர் நிண்டவையாம். ஒருத்தருக்கும் என்ன கதைக்கிறது எண்டு தெரியேல்லை. கடைசியிலை மத்தியானச் சாப்பாட்டைப் பற்றிக் கதைச்சவையாம். அடுத்த நாள் ரெண்டு பக்க அதிகாரியளும், 'நாங்கள்தான் ஒழுங்கு செய்தனாங்கள்' எண்டு பெருமையா அறிக்கை விட்டிச்சினமாம்!"

"ஒரு கிழவர் சொன்ன கதை சான்றோ?"

"கிழவர் அங்கை நிண்டவர். நீங்கள் நிக்கேல்லையே..."

அவளுக்கு மூக்கு நுனி சிவந்தது. எட்டு வருடம் ஷாங்காயில் இருந்து சீன அரசியலைக் கரைத்துக் குடித்தவள் அவள். மேடைப் படத்தில் யார் நடுவில், யார் ஓரத்தில், யாரைக் காணவில்லை என்று பார்த்தே கட்சிக்குள் நடப்பதைச் சொல்லுவாள். அவளுடன் மல்லுக்கட்ட உடுப்பிட்டிக்குப் பஸ் எடுக்க வந்த ஒருவன்!

மல்லுக்கட்டினான். மழை விட்டது கூடத் தெரியாமல் இருவரும் பேசிக்கொண்டே இருந்தார்கள். ஐஸ்கிறீம் கரைந்து பாலாகிப் போயிருந்தது.

"புதன்கிழமை வந்து எல்லாருக்கும் முன்னாலை கேளுங்கோ பாப்பம்," என்றாள் கடைசியில்.

"வாறன். நிச்சயமா வாறன். நான் கேதீஸ்வரன். நீங்கள் தாரிகா எண்டு முதல் பக்கத்திலை கிடக்கு..." அவன் எழுந்தான். தயங்கினான். "சேலையைப் பாத்தால் கோவிலுக்கு வெளிக்கிட்டனீங்கள் போல. நான் மினக்கெடுத்திப்போட்டன்."

அப்போதுதான் அவளுக்கு நினைவு வந்தது. அம்மா சொல்லி அனுப்பியிருந்தாள். மயில் பச்சைச் சேலை உடுத்து, ஐந்து மணிக்குத் தேரடியில் கற்பூரம் கொளுத்திவிட்டு வர வேண்டும் என்று. கற்பூரம் பைக்குள்ளேயே நனைந்து கிடந்தது. அதற்காக அவள் கொஞ்சமும் கவலைப்படவில்லை என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

கொக்குவில் வீட்டில் அம்மா பத்மாசினி வாசல் படலையடியிலேயே காத்து நின்றாள்.

"என்ன பிள்ளை, முகம் வடிவா மலர்ந்து கிடக்கு? பெடியனைக் கண்டனீயோ?"

"எந்தப் பெடியன்?"

அம்மா நாக்கைக் கடித்தாள். பிறகு மெல்ல மெல்ல எல்லாம் வெளியே வந்தது. தரகர் இளையதம்பி கொண்டுவந்த சம்பந்தமாம். பெடியன் வெளிநாட்டில் படித்தவனாம்... மெல்லிய உடம்பு, கண்ணாடி போட்டவன்... தேரடிப் பக்கம் நின்று தற்செயலாகப் பார்ப்பது போல அவளைப் பார்த்துவிட்டுப் போவதாக ஏற்பாடாம்.

"அவரின்ரை பேர்..."

"பேரொண்டும் எனக்குத் தேவையில்லை அம்மா!"

அறைக் கதவு அறைந்து சாத்தப்பட்டது.

கட்டிலில் இருந்தபடியே அவள் ஒவ்வொன்றாகப் பொருத்திப் பார்த்தாள். வெளிநாடு... சரி. கண்ணாடி... சரி. அவள் கோவிலுக்கு வந்தவள் என்பதும் அவனுக்குத் தெரிந்திருந்தது. தன் பேரைக்கூட அவள் சொல்லவில்லையே! முதல் பக்கத்தில் கிடக்கிறதாம்... என்ன கெட்டித்தனம்! பச்சைச் சேலையைப் பார்த்ததும் ஆளை அடையாளம் கண்டுகொண்டு, தற்செயலைப் பற்றி வாய் கிழிய விவாதம் வேறு!

முன்பும் இப்படி நடந்திருக்கிறது. நகைக்கடையில், கலியாண வீட்டில், ஒருமுறை ஆஸ்பத்திரியில்கூட, முன்பின் தெரியாத குடும்பம் ஒன்று 'தற்செயலாக' வந்து அவளை மேலும் கீழும் பார்த்துவிட்டுப் போயிருக்கிறது. இனி இல்லை என்று அம்மா சத்தியம் பண்ணியிருந்தாள். தன் வாழ்க்கையில் ஒன்றே ஒன்றாவது யாரும் ஒழுங்கு செய்யாமல் தானாக நடக்க வேண்டும்... அவள் கேட்டதெல்லாம் அவ்வளவுதான். அந்த மழைக்குள் அது நடந்துவிட்டது என்று நம்பியிருந்தாள். அதனால்தான் கண்ணீர் வந்தது.

திங்கட்கிழமை கேதீஸ்வரன் அவளுடைய துறைக்கே வந்தான். அன்று பேச்சில் வந்த கட்டுரை ஒன்றின் பிரதி அவன் கையில் இருந்தது. கண்களில் அதே சிரிப்பு.

அவள் எழுந்திருக்கவில்லை. "ஒளிச்சிருந்து ஆளைப் பாக்கிற ஆக்களோடை எனக்குக் கதை இல்லை. நீங்கள் போகலாம்."

சிரிப்பு அணைந்தது.

"நான் உங்களைப் பாத்தனான்தான்..." என்றான் தாழ்ந்த குரலில். "நீங்கள் தாள் காய வைக்கேக்கை, கோபத்திலை கதைக்கேக்கை... பாத்தனான். அது உங்களுக்கு இவ்வளவு அரியண்டமா இருந்திருக்கும் எண்டு தெரியாமல் போச்சு. மன்னிச்சுக்கொள்ளுங்கோ."

கட்டுரையை மேசையில் வைத்துவிட்டுப் போய்விட்டான். போனவன் திரும்பிப் பார்க்கவில்லை. அது ஏன் நெஞ்சுக்குள் அப்படிக் குத்தியது என்று அவளுக்கு விளங்கவில்லை. அல்லது, விளங்கிக்கொள்ள அவள் விரும்பவில்லை.

மறுநாள் பின்னேரம் தரகர் இளையதம்பி படலையடியில் நின்று சத்தம் போட்டார்.

"உது நல்லாயில்லை, தங்கச்சி! பெடியன் பாவம், தேரடியிலை அந்தக் கொட்டுற மழைக்கை குடையோடை நிண்டு காத்திருக்கிறான். பச்சைச் சேலை ஒண்டும் வரேல்லை! இப்ப மானிப்பாயிலை தடிமனும் காய்ச்சலுமாக் கிடக்கிறான். தாய்க்காரி என்னைப் பேசித் தள்ளுறா!"

"ஐயோ... செந்தூரனுக்குக் காய்ச்சலோ?" என்றாள் அம்மா.

உள்ளே தாரிகாவின் கையில் இருந்த தேத்தண்ணீர்க் கோப்பை வாய்க்குப் போகாமல் பாதி வழியில் நின்றது.

செந்தூரன்... மானிப்பாய்... தேரடி...

"மூலச் சான்றைப் பாக்காமல் முடிவெழுதக் கூடாது" என்று மாணவர்களின் தலையில் வருடம் முழுவதும் குட்டுகிறவள், ஒரு பேரைக்கூடக் கேட்காமல் ஒரு மனிதனைத் துரத்திவிட்டாள்! அறிகுறிகளைப் படிப்பதில் கெட்டிக்காரியாம், கெட்டிக்காரி!

அவன் கற்பிக்கும் யப்பான் பல்கலைக்கழகத்தின் இணையப் பக்கத்தில் அவனுடைய மின்னஞ்சல் முகவரி இருந்தது. எழுதத் தொடங்கினாள். 'நீங்கள் என்னைப் பெண் பார்க்க வந்தவர் என்று நினைத்து...' சீ! இதை எப்படி அனுப்புவது? அவன் அப்படி வரவேண்டும் என்று தான் ஆசைப்பட்டது போல அல்லவா இருக்கிறது! அழித்தாள். மறுபடி எழுதினாள். மறுபடி அழித்தாள். உண்மை என்னவென்றால், அவள் ஆசைப்படத்தான் செய்தாள்.

புதன்கிழமையும் மழை.

மண்டபம் ஓரளவு நிறைந்திருந்தது. இரண்டாவது வரிசையில் அம்மா நல்ல சேலையோடு இருந்தாள். தாரிகாவின் கண்கள் மற்ற வரிசைகளை எல்லாம் தேடின. இல்லை... அவன் வரவில்லை. ஏன் வருவான்? எந்த முகத்தோடு அவனை எதிர்பார்க்கிறாள்?

உரையைத் தொடங்கினாள். கதவுகள், கொடிகள், கைகுலுக்கல்கள்... குரல் மட்டும்தான் பேசியது. பாதி உரையில் பின்கதவு மெல்லத் திறந்தது. தலைமயிரில் நீர் சொட்ட, கண்ணாடியைத் துடைத்தபடி, கேதீஸ்வரன் கடைசி வரிசையில் அமர்ந்தான். அவளைப் பார்க்காமல் தரையைப் பார்த்தான்.

பார்க்கக் கூடாது என்று சொன்னவள் அவள்தானே.

தாரிகா கையில் இருந்த தாள்களை மடித்து வைத்தாள்.

"இந்தக் கட்டுரையின் முடிவு பிழையானது," என்றாள். மண்டபம் நிமிர்ந்தது. "தற்செயல் என்று ஒன்று இல்லை என எழுதியிருந்தேன். அண்மையில் எனக்கு ஒரு புதிய சான்று கிடைத்தது. யாருடைய ஏற்பாடும் இல்லாமல் இரண்டு தரப்புகள் சந்தித்தன. மிக நல்ல சந்திப்பு. ஆனால் ஒரு தரப்பு, அது முன்னேற்பாடு என்று தவறாக எண்ணி, எதையும் விசாரிக்காமல் மற்றத் தரப்பை அவமதித்துவிட்டது. பிழை முழுவதும் என்... அந்தத் தரப்பினுடையது."

மாணவர்கள் குறிப்பெடுத்தார்கள், பாவம்.

கடைசி வரிசையில் தலை நிமிர்ந்தது. கேள்வி நேரத்தில் முதலில் எழுந்ததும் அவன்தான்.

"ஒரு கேள்வி. அவமதித்த தரப்பு, பிறகு வருத்தம் தெரிவித்ததா?"

"இப்போது... இந்த மேடையில் நின்று தெரிவிக்கிறது."

சிரிப்பு அவன் கண்களுக்கு வந்தது. பிறகு உதட்டுக்கு... மெல்ல மெல்ல... "நன்றி," என்று சொல்லி உட்கார்ந்தான்.

உரை முடிந்து அவள் வெளியே ஓடி வந்தபோது, மழைச் சாரல் அடிக்கும் நடைபாதையில் அவன் நின்றான். தேரடிக் கதையை அவள் மூச்சு விடாமல் சொல்லி முடித்தாள். அவன் வாய்விட்டுச் சிரித்தான்.

"நான் அப்பிடிப் பேசியும்... ஏன் வந்தனீங்கள்?"

"வாறன் எண்டு சொன்னனான். அதோடை..." அவன் நிறுத்தினான். அவன் காதுமடல் சிவந்தது. "நாளைக்கு நான் கொழும்புக்குப் போறன், சனிக்கிழமை பிளேன். உங்களை இன்னொருக்காப் பாக்காமல் போக மனம் வரேல்லை. எனக்கு உங்களிலை விருப்பம், தாரிகா. ஐஸ்கிறீமுக்குக் குளிக்க வாத்த நேரத்திலை இருந்து..."

மழைச் சத்தத்தில் அவளுடைய பதில் கேட்டிருக்குமோ தெரியாது.

"சொல்லுங்கோ... கேக்கேல்லை."

"எனக்கும்தான் எண்டு சொன்னனான்!" கொஞ்சம் பலமாகவே சொல்லிவிட்டாள்.

"ஆர் பிள்ளை இந்தத் தம்பி?"

அம்மா! பின்னாலேயே நின்றாள். தாரிகா மடித்த தாள்களை இறுகப் பிடித்துக்கொண்டாள். கேதீஸ்வரன்தான் ஊரைச் சொல்லி, பேரைச் சொல்லி, அந்த வெள்ளிக்கிழமை மழையையும் ஐஸ்கிறீம் கடையையும் ஒளிக்காமல் சொன்னான். அம்மா அவனைப் பார்த்தாள். மகளின் முகத்தைப் பார்த்தாள். இத்தனை வருடமாக எந்தச் சம்பந்தத்துக்கும் மலராத முகம்... அது மலர்ந்திருந்த விதத்தைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே நின்றாள். அவளுக்குக் கண் கலங்கியது. சேலைத் தலைப்பால் துடைத்துக்கொண்டு நிமிர்ந்தாள்.

"பாத்தியோ? அண்டைக்குப் பச்சைச் சேலை உடுத்துக்கொண்டு போ எண்டு சொன்னது ஆர்? அந்த மழைக்கையும் உன்னை வெளிக்கிடுத்தி அனுப்பினது ஆர்? எல்லாம் நான் யோசிச்சு ஒழுங்கு செய்ததுதான்!"

கேதீஸ்வரன் தாரிகாவின் பக்கம் குனிந்தான். "அதிகாரியள் அறிக்கை விட்டிட்டினம்..."

அவள் சிரிப்பை அடக்கப் படாத பாடு பட்டாள்.

"ஓம் அம்மா," என்றாள். "நீங்கள்தான் ஒழுங்கு செய்தனீங்கள்."

மடித்த தாள்களுக்குக் கீழே, யாருக்கும் தெரியாமல், அவள் மெல்லக் கையை நீட்டினாள். அவன் கை ஏற்கனவே அங்கே வந்திருந்தது.