கோபம் ஆற ஒரு கிண்ணம் தண்ணீர்

சனிக்கிழமை காலை றாஹிலாவின் கால் தரையில் பாவவில்லை. வாசிகசாலையிலிருந்து வீட்டுக்கு ஒரே ஓட்டம். கையில் கண்ணகை அம்மனின் கதை சொல்லும் படப் புத்தகம். பத்து வயதில், தன் சொந்த வாசிகசாலை அட்டையில் அவள் எடுத்த முதல் புத்தகம் அது.

ஆறு வயதுத் தம்பி மீராமுகைதீனைப் பக்கத்தில் இருத்தி உரக்க வாசித்தாள். செய்யாத களவுக்காகக் கண்ணகையின் கணவனை அரசன் கொன்றுவிட்டான். அவள் சபையில் நின்று நியாயம் கேட்டாள். அவளுடைய கோபத்தில் நகரமே பற்றி எரிந்தது. பக்கம் முழுக்கச் செக்கச்செவேலென்று தீ.

மீரா மூச்சுவிட மறந்து கேட்டான். "மறுகா?"

அடுத்து என்ன என்று பார்க்க றாஹிலா தாளைப் புரட்டினாள். அதற்குப் பிறகு பின்னட்டைதான் இருந்தது. போன வருடச் சூறாவளியில் வாசிகசாலைக் கூரை பறந்தபோது கடைசித் தாளும் சேர்ந்து பறந்திருக்க வேண்டும்.

மீராவின் முகம் சுண்டிவிட்டது. அம்மனின் கோபம் ஆறியதா, இல்லையா? ஆறாவிட்டால் தீ அவர்களுடைய ஊரான கல்முனைக்கும் வருமா? அன்று அவன் மீன்பொரியலையே மிச்சம் வைத்தான் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்.

திங்கட்கிழமை றாஹிலா தன் வகுப்புத் தோழி செல்லத்தங்கத்திடம் ஓடினாள். செல்லத்தங்கம் காரைதீவுப் பிள்ளை. புத்தகத்தில் இல்லாத முடிவு அவளுடைய ஊரில் வருடாவருடம் நடக்கிறதாம்.

"வைகாசியில எங்கட கோயில்ல நெல்லுக் குத்திப் பொங்குவாங்க. பாட்டுப் படிப்பாங்க. கடைசியா வேப்பிலையால தண்ணி தெளிச்சு அம்மாளக் குளிர வைப்பாங்க. அதுதான் குளிர்த்தி. மறுகா அம்மாளுக்குக் கோவமே இரிக்காது. ஊரையே காப்பா."

பள்ளிக்கூடம் விட்டதும் மறுபடியும் ஓட்டம்தான். றாஹிலா எல்லாவற்றையும் சொல்லச் சொல்ல மீராவின் முகம் மலர்ந்தது. நிம்மதியோடு அவள் கைகால் கழுவிவிட்டு வந்து பார்த்தால், தம்பி ஒரு கையில் கிண்ணமும் மறுகையில் முருங்கைக் கொப்புமாக நிற்கிறான். தீ எரிந்த பக்கம் சொட்டச் சொட்ட நனைந்து, சிவப்பு மை கரைந்து ஓடியது.

"அம்மாளக் குளிர வெச்சிட்டன், ராத்தா."

சூறாவளிக்குத் தப்பிய புத்தகம் மீராவுக்குத் தப்பவில்லை.

றாஹிலாவுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. வாசிகசாலைப் பொறுப்பாளர் பாக்கியராசா சேர் பொல்லாதவர். புத்தகத்தில் கோடு போட்ட ஒருவனின் அட்டையைப் பறித்தவர். இனி அவளுக்கு ஒரு கதையும் கிடைக்காது. சத்தமில்லாமல் புத்தகத்தை அலுமாரியில் செருகிவிட்டு வந்துவிடலாமா என்றுகூட நினைத்தாள். ஆனால் அடுத்து எடுக்கும் பிள்ளையும் தீயோடு நின்று தவிக்குமே.

புத்தகத்தை வெயிலில் உலர்த்தினாள். மறுநாள் செல்லத்தங்கம் சொல்லச் சொல்ல, குளிர்த்திக் கதையைப் பள்ளிக்கூடக் கொப்பித் தாளில் அழகாக எழுதினாள். செல்லத்தங்கம் அதில் சிரித்த முகத்தோடு நிற்கும் அம்மனின் படத்தைக் கீறிக் கொடுத்தாள். உம்மாவின் ஊசிநூலால் அந்தத் தாளைப் புத்தகத்தின் கடைசியில் தைத்துவிட்டு, தம்பியையும் கூட்டிக்கொண்டு வாசிகசாலைக்குப் போனாள்.

சேர் புத்தகத்தைத் திறந்தார். நெற்றி சுருங்கியது.

"ஆர் இதுக்குத் தண்ணி ஊத்தின?"

றாஹிலா நடந்ததில் ஒன்றையும் மறைக்காமல் சொன்னாள். தைத்த தாளையும் காட்டினாள். சேர் அதை வாசித்தார். நெற்றிச் சுருக்கம் அப்படியே இருந்தது. றாஹிலா தன் அட்டையை எடுத்து மேசையில் வைத்தாள்.

மீரா சேரின் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றான். பிறகு மெல்ல நழுவிப்போய், மூலையில் இருந்த பானையிலிருந்து ஒரு கோப்பைத் தண்ணீரோடு வந்தான்.

"ராத்தா, சேருக்கும் தெளிப்பமா?"

சேர் உட்கார்ந்திருந்த கதிரையோடு பின்னால் நகர்ந்தார். அடுத்த கணம், மூக்குக்கண்ணாடி நழுவி விழும் அளவுக்குச் சிரித்தார்.

"வேணாம் தம்பி. எனக்குக் குளிர்ந்திட்டுது."

அட்டையைப் பறிக்கவில்லை. அதில் இன்னொரு புத்தகத்தின் பெயரை எழுதினார். அந்தப் புதுப் புத்தகத்தை றாஹிலாவிடம் நீட்டுவதற்கு முன், அதன் கடைசித் தாள் இருக்கிறதா என்று அவரே ஒருமுறை புரட்டிப் பார்த்துக்கொண்டார்.