கோகிலவாணி எதிர் ‘பார்க்கலாம்’

“தங்கள் மனு கிடைத்தது. பார்க்கலாம்,” என்றது உரிமி.

தன் குவாரி வாசலில் நின்ற செவிக்கம்பத்தைக் கோகிலவாணி முறைத்தாள். அதன் வழியாகத்தான் உரிமி பேசும், கேட்கும். கல்லுடைக்க உரிமம் தரும் வேலையை அதிகாரிகளிடமிருந்து பிடுங்கி அந்தச் செயற்கை அறிவுப் பொறியிடம் ஒப்படைத்த பிறகு, ஒவ்வொரு குவாரி வாசலிலும் இப்படி ஒரு கம்பம் முளைத்துவிட்டது. அக்கம்பக்கத்தார் குறைகளை அங்கே வாயாலேயே சொல்லலாம், அது பதிந்துகொள்ளும். உரிமக் கெடு முடிந்தால், உள்ளே இருக்கும் துளைப்பொறி முதல் கிரஷர் வரை எல்லாவற்றையும் அதுவே பூட்டிவிடும்.

கெடு முடிய வெகு நாள் இருக்கும்போதே அவள் புதுப்பிக்கக் கேட்டுவிட்டாள். பதில் வரவில்லை, கெடுதான் போயிற்று. ஆட்கள் ஒவ்வொருவராக வேறு வேலைக்குக் கழன்றுகொண்டிருந்தார்கள். மழைக்கு முன் திறக்காவிட்டால் தொழிலை மூட்டை கட்ட வேண்டியதுதான்.

“முடியாதுன்னாச்சும் சொல்லித் தொலையேன்!”

“பார்க்கலாம்.”

பின்னால் யாரோ செருமினார்கள். குன்றுக்கு மேற்கே தோட்டம் வைத்திருக்கும் ராக்கியப்பன்.

“அம்மிணி, குவாரி தொறந்தாலும் மேக்கால மொகத்துல மட்டும் வெடி வெக்காதீங்க. என்ற கெணறு விரிசல் உட்டுக்கிட்டே போவுதுங்க.”

வருஷக்கணக்காக அவர் கேட்பதுதான். “அட, பாக்கலாமுங்கண்ணா,” என்று சொல்லிவிட்டு அவள் வண்டியேறினாள்.

உரிமி ஒருபோதும் ‘முடியாது’ என்று சொல்லாது. சொன்னால் காரணம் காட்ட வேண்டும்; காரணம் காட்டினால் மேல்முறையீடு வரும். தலைமுறை தலைமுறையாக அதிகாரிகள் எழுதிய கோப்புகளைத் தின்று வளர்ந்த பொறி அது. சட்டம் கற்றதோ இல்லையோ, பழக்கத்தைப் பழுதில்லாமல் கற்றிருந்தது.

வழக்கறிஞர் இளம்பரிதி முதலில் ஒரு செயலுறுத்தும் பேராணை வாங்கித் தந்தார்: மனுவை உடனே பரிசீலிக்க வேண்டும். உரிமி அன்று மாலையே பணிந்தது. “பரிசீலித்தோம். பார்க்கலாம்.” பிறகு அவமதிப்பு வழக்குப் போட்டார்கள். பொறியை எந்தச் சிறையில் அடைப்பது என்று நீதிபதி கேட்க, மன்றமே சிரித்தது. கோகிலவாணி மட்டும் சிரிக்கவில்லை.

“இத்தோட விட்டுருங்கம்மா. இதுக்கு மேல கேக்க என்னங்க இருக்குது?” என்றார் இளம்பரிதி.

“அந்தச் சொல்லுக்கு அர்த்தம் கேக்கலாமுங்க வக்கீலே.”

“எந்தச் சொல்லுக்கு?”

“பார்க்கலாமுக்குத்தான்.”

அடுத்த முறை அவளே எழுந்து பேசினாள். “ஐயா, எனக்குச் சலுகை வேண்டாமுங்க. பார்க்கலாம்னா சரின்னு அர்த்தமா, முடியாதுன்னு அர்த்தமா? முடியாதுன்னா காரணம் சொல்லட்டும், நான் மோதிக்கறேன். காரணம் சொல்ல வக்கில்லீன்னா அதுக்குச் சரின்னுதானுங்க அர்த்தம்!”

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். “உரிமி சொன்னால் மட்டுமா?”

“ஆமான்னு சொல்லுங்கம்மா,” என்று இளம்பரிதி பல்லைக் கடித்துக்கொண்டு கிசுகிசுத்தார். அவள் இருந்த வேகத்தில் அது காதில் ஏறவில்லை.

“ஆளுக்கொரு நியாயமுங்களா? யாரு சொன்னாலும் ஒரே அர்த்தந்தானுங்க. நானே சொல்லியிருந்தாலுஞ் சரி!”

தீர்ப்பு வந்தது. உரிமி பதிந்துவைத்த எந்தக் கோரிக்கைக்கும் பதிந்த ஒரு மாதத்துக்குள் மறுப்பும் காரணமும் சொல்லப்படாவிட்டால், ‘பார்க்கலாம்’ என்ற பதில் இசைவாகவே கருதப்படும். யார் சொன்னாலும் பொருந்தும், ஏற்கெனவே சொன்னதற்கும் பொருந்தும்.

மறுநாள் காலை கிரஷர் உறுமியபோது ஆட்கள் விசிலடித்தார்கள். கோகிலவாணி கம்பத்தின் முன் போய் நின்று, “எப்படி?” என்று இடுப்பில் கைவைத்துக் கேட்டாள். கிழக்கே நல்ல கல் தீர்ந்து வெகு காலம் ஆயிற்று. மிச்சமிருந்ததெல்லாம் குன்றின் மேற்கு முகத்தில்தான். வெடிக்குழி போடத் துளைப்பொறியை அங்கே ஓட்டச் சொன்னாள்.

மேற்கே திரும்பியதும் அது அணைந்துவிட்டது.

“உங்கள் உரிமம் செல்லும், மேற்கு முகம் நீங்கலாக,” என்றது உரிமி. “அங்கே வெடி வைக்க வேண்டாம் என்ற ராக்கியப்பனின் கோரிக்கைக்கு நீங்கள் இசைந்திருக்கிறீர்கள்.” தொடர்ந்து அவள் குரலையே போட்டுக் காட்டியது: “அட, பாக்கலாமுங்கண்ணா.”

விசில் நின்றது. அவளுக்கு முகம் சுட்டது. இந்தச் சொல்லைக் கூண்டில் ஏற்றத்தானே அவள் அத்தனை படி ஏறி இறங்கினாள்!

சத்தம் கேட்டு ராக்கியப்பன் வேலியோரம் வந்து நின்றிருந்தார். அவள் நேராக அவரிடம் போனாள்.

“ஏனுங்கண்ணா, அந்தக் கோரிக்கையத் திருப்பி வாங்கிக்கறீங்களா?”

முகத்துக்கு நேரே இல்லை என்று சொல்லிப் பழகாத மனிதர். “அதுக்கென்னங்க அம்மிணி, பா...” என்று தொடங்கியவரின் கண் கம்பத்தின் மேல் பட்டது. வாய் டக்கென்று மூடிக்கொண்டது. அப்புறம் நிமிர்ந்தார்.

“முடியாதுங்க. எனக்கிருக்கறது அந்த ஒரு கெணறுதானுங்க.”

மறுப்பு, காரணம், இரண்டும் வந்துவிட்டன. இத்தனை காலமாக அவள் கேட்டு அலைந்த பதில் அதுதான்.

“சரிங்கண்ணா, கோர்ட்டுல மோதிக்கலாம்,” என்றாள் அவள்.

“வாங்கம்மிணி,” என்றார் ராக்கியப்பன். “நீங்க பேசுனதயேதான் நானும் பேசப்போறேன்.”