மூணு எம்.பி. வில்லன்

“ஐயோ... போச்சே!”

ஸ்டூடியோவையே உலுக்கியது அந்த அலறல்.

வாசல் ஷட்டரைத் தூக்கிக்கொண்டிருந்த கணவன் உள்ளே பாய்ந்தான். போட்டோகிராபரான மனைவி கம்ப்யூட்டர் முன் தலையில் அடித்துக்கொண்டிருந்தாள்.

திரை முழுக்க ரத்தச் சிவப்பு!

'உங்கள் ஃபைல்களைப் பூட்டிவிட்டோம். பணம் கட்டினால் சாவி!'

“கல்யாணப் படம் மொத்தமும் இதுலதான்! சாயங்காலம் பொண்ணோட அப்பா வந்து நிப்பாரு. எல்லாம் உங்களாலதான்... கேம் பைத்தியம்!”

“நானா? சத்தியமா இல்லடி!”

போன் பறந்தது. கம்ப்யூட்டர் ரிப்பேர் பார்க்கும் அவன் தங்கை வந்து சேர்ந்தாள். வீட்டில் அவளுக்குப் பட்டப்பெயர் 'ஸ்க்ரூ'.

முதல் வேலையாக நெட் கேபிளைப் பிடுங்கினாள். தன் பென் டிரைவை மாட்டி உள்ளே துழாவினாள்.

“ஆள் சிக்கிட்டான்! 'புத்தம்புது கன்சோல் எமுலேட்டர், நூறு கேம் இலவசம்.' சைஸு மூணே எம்.பி.!”

“அதுல என்ன தப்பு?”

“யானையைத் தீப்பெட்டியில அடைச்சுத் தர்றேன்னா நம்புவீங்களா அண்ணி? எமுலேட்டர்னா கம்ப்யூட்டரை டிவி கேம் பெட்டி மாதிரி நடிக்க வைக்கிற சாஃப்ட்வேர். நெஜ எமுலேட்டர் கேமை ஓட்டத்தான் செய்யும், கேமைத் தராது. டிஸ்க் நம்மளோடதா இருக்கணும். இதுல ஆன்ட்டிவைரஸை வேற நிறுத்தச் சொல்லியிருக்கான். திருடன் வந்து 'நாயைக் கட்டிப் போடுங்க'ன்ன கதை!”

“பாத்தியா உங்கண்ணன் லட்சணத்தை!”

“அது இருக்கட்டும்... கேமரா கார்டு எங்கே?”

கணவன் முகம் மலர்ந்தது.

“ஆல்பம் கைமாறாம இவ கார்டை அழிக்கவே மாட்டா!”

அலமாரியைத் திறந்தான்.

கார்டு டப்பா... காலி!

“தொலைஞ்சோம்!”

“இல்ல...” மனைவியின் குரல் கீழே இறங்கியது. “என் ஹேண்ட்பேக்ல இருக்கு.”

ஸ்க்ரூ மெல்லத் திரும்பினாள்.

“அலறுறதுக்கு முன்னாடியே பத்திரப்படுத்திட்டீங்களா அண்ணி? சரி, ஆன்ட்டிவைரஸை நிறுத்த பாஸ்வேர்ட் வேணுமே... யாருக்குத் தெரியும்?”

“எனக்கு இவ சொன்னதே இல்ல!” என்றான் கணவன்.

மனைவி முந்தானையைத் திருகினாள்.

“தினமும் கார் ரேஸ் கேம்ல ஜெயிச்சுட்டு காலரைத் தூக்கி விடுறாரு! ரகசியமா பழகி, ஒருநாள் மண்ணைக் கவ்வ வைக்கலாம்னு நான்தான் அதை இறக்கினேன்...”

கணவன் விழுந்து விழுந்து சிரித்தான்.

ஸ்க்ரூ கம்ப்யூட்டரை அடியோடு துடைத்துவிட்டு, கார்டிலிருந்து படங்களை ஏற்றினாள். பிறகு வீட்டு லேப்டாப்பில், தயாரித்தவர்களின் சொந்தத் தளத்திலிருந்தே அசல் எமுலேட்டரை இறக்கி, அண்ணன் வைத்திருந்த ரேஸ் டிஸ்க்கைப் போட்டுக் கொடுத்தாள்.

“கெட்டிக்காரிதான்டி நீ!” என்றான் அண்ணன்.

“போலி எமுலேட்டரைப் பார்த்ததுமே பிடிச்சுட்டேண்ணா... போலி அலறலுக்குத்தான் கொஞ்சம் டைம் எடுத்துச்சு!”