பகைமானி

மெய்க்காவற்பொறி முதல் நாளே ஐந்து பேரைத் திருப்பி அனுப்பியது. ஐவரும் நல்லசிவத்தின் ஆட்கள். ஒரு மாதமாகக் காங்கேயத்து எண்ணெய் ஆலை வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, வருகிற வியாபாரிகளை முறைத்தே விரட்டியவர்கள். இடுப்பளவு உயரமுள்ள அந்தச் சாம்பல்நிற உருளை உருண்டு போய் அவர்கள் முன்னால் நின்று, காற்றைக் கெட்டியாக்கித் தள்ளியது. அடி இல்லை, காயம் இல்லை. ஆனால் நாற்பது அடிக்குள் ஒருவராலும் கால் வைக்க முடியவில்லை.

ஆலைச் சொந்தக்காரி ரேணுகாதேவி அன்றைக்குத்தான் வயிறாரச் சாப்பிட்டாள்.

நல்லசிவத்திடம் வாங்கிய கடனை அவள் எப்போதோ அடைத்துவிட்டாள். அவர் இல்லையென்றார்; ஆலையைத் தன் பேருக்கு எழுதித் தரச் சொன்னார். தனியார் பணத் தகராறில் தலையிட முடியாது என்று காவல் நிலையத்தில் மூன்று முறை கைவிரித்தபின், பாதுகாப்புக் கேட்டு நீதிமன்றம் போனாள். முன்பெல்லாம் நீதிமன்றம் சொன்னால் இரண்டு காவலர்கள் வந்து நிற்பார்கள். அவர்களை விலைக்கு வாங்கிவிடலாம். இப்போது நீதிமன்றம் அனுப்புவது பொறி; பொறியை வாங்க முடியாது. அதன் நெற்றியிலிருந்த பகைமானி, நெருங்கி வருபவரின் நாடித்துடிப்பையும் உடற்சூட்டையும் வியர்வையையும் அளந்து, உள்ளே எவ்வளவு ஆத்திரம் என்பதை எண்ணாகச் சொல்லிவிடும். அறுபதைத் தாண்டினால் வழி கிடையாது. பொறி பதிவு செய்கிற எண்தான் நீதிமன்றத்தில் சாட்சியம்.

ஒன்பதாம் நாள் காலை, ஈரோட்டில் வேலை பார்க்கும் மகள் மிருதுளா வந்தாள். அம்மா அவளிடம் இதைப்பற்றியெல்லாம் மூச்சுவிட்டிருக்கவில்லை.

"ஏம்மா, ஊர்க்காரங்க சொல்லித்தான் எனக்குத் தெரியணுமா? நான் செத்தா போயிட்டேன்?" என்று வரும்போதே கத்தினாள்.

பொறி உருண்டது. "பகை எண்பத்தேழு. விலகி நில்லுங்கள்."

"எம்பொண்ணு அது! விடு அவளை!" என்றாள் ரேணுகாதேவி.

"உறவைக் கணக்கில் கொள்வதில்லை."

மிருதுளா கொப்பரை காயும் களத்தின் கடைசிக்குத் தள்ளப்பட்டாள். அங்கே நின்று அழுதாள். அழ அழ எண் ஏறியது.

அரைமணி நேரத்தில் நல்லசிவத்தின் கார் வந்தது. தனியாகத்தான் வந்தார். பொறி அவரை அளந்தது.

"பகை நான்கு. வரலாம்."

தினமும் வரும் பால்காரருக்கே பதினொன்று காட்டும்.

அவர் ஆலை அறைக்குள் வந்து அவள் எதிரில் உட்கார்ந்து ஆலைப் பத்திரத்தை எடுத்து வைத்தார். "இளைச்சுப் போயிட்டீங்களே அம்மிணி. கையெழுத்துப் போடறதுன்னா போடுங்க, கட்டாயமில்லீங்க. வெளிய நிக்கறது உங்க பொண்ணுதானுங்களே? தினமும் பெருந்துறை ரோட்டுலதான் ஸ்கூட்டர்ல போகுதாமா. அந்த ரோட்டுல லாரி ஜாஸ்திங்க." மேசையிலிருந்த கொப்பரைத் துண்டொன்றை எடுத்து நிதானமாக மென்றார்.

அவள் எழுந்துவிட்டாள். "கேட்டியா? மிரட்டறாரு!" என்றாள் பொறியிடம்.

"சொற்களை நான் அளப்பதில்லை. அவர் பகை நான்கு. உங்கள் பகை தொண்ணூற்று மூன்று. அவர்மேல் கை ஓங்க வேண்டாம்."

ரேணுகாதேவி திரும்ப உட்கார்ந்தாள். யாரிடமும் இனி எதையும் விளக்கிச் சொல்லத் தெம்பில்லை. ஜன்னல் வழியே மகளை ஒருமுறை பார்த்தாள். கையெழுத்துப் போட்டாள்.

"எதிர்த்தரப்பில் பகை இல்லை. கட்டாயம் இல்லை. பதிவு நீதிமன்றத்துக்கு அனுப்பப்பட்டது" என்றது பொறி.

நல்லசிவம் அதற்கும் ஒரு கும்பிடு போட்டுவிட்டுப் போனார்.

ரேணுகாதேவி தன் வக்கீல் ஹேமலதாவைத் தொலைபேசியில் அழைத்து நடந்ததைச் சொன்னாள். "அவங்க கொண்டுவந்த சாட்சின்னா கேள்வி கேட்டுக் கிழிச்சிருப்பேன் மேடம். இது நாமளே மனுப் போட்டு வாங்கின சாட்சி. இதைப் பொய்யின்னு நான் எப்படிச் சொல்றது?" என்றார்.

ரேணுகாதேவி களத்தில் இறங்கி மகளை நோக்கி நடந்தாள். பொறியும் கூடவே வந்தது. அவள் ஓரடி வைத்தால் அது மிருதுளாவை ஓரடி பின்னால் தள்ளியது. இன்னோரடி; இன்னொரு தள்ளல். மிருதுளாவின் முதுகு மதிலில் முட்டியதும் ரேணுகாதேவி நின்றுவிட்டாள்.

"கண்ணு," என்று அங்கிருந்தே குரல் கொடுத்தாள், "கொஞ்ச நேரம் கோபப்படாம இரு. நான் கிட்ட வந்துடறேன்."

மிருதுளா கண்ணை மூடி, மூச்சை இழுத்துவிட்டு முயன்று பார்த்தாள். கண்ணைத் திறந்தபோது அம்மாவின் முகம் தெரிந்தது.

"தொண்ணூற்றாறு" என்றது பொறி.